கை நனைத்தவர்

அவர் ‘சரி’ என்று சொல்லி நான் கேட்டதே இல்லை. நான் என்ன, ஆட்டையாம்பட்டிக்குப் பக்கத்தில் இருந்த எங்கள் ஊரில் யாருமே கேட்டதில்லை. ஏர் பூட்ட ஒரு மாடு குறைகிறது, உங்கள் மயிலைக்காளையைக் கொடுங்கள் என்று யாராவது வந்து நின்றால் அவர் வாயைத் திறக்கமாட்டார். கொட்டகைக்குப் போய் மாட்டை அவிழ்த்துக்கொண்டு வந்து, கயிற்றை வந்தவர் கையில் வைப்பார். கொடுக்க மனமில்லை என்றால்தான் பேச்சு வரும். “அது காலு நொண்டுதுங்க” என்பார். மாடு அந்தப் பக்கம் நன்றாகத்தான் நின்று அசை போட்டுக்கொண்டிருக்கும். இல்லை என்பதற்கு வாய், ஆமாம் என்பதற்குக் கை. அவ்வளவுதான் அவருடைய கணக்கு.

அவர் என் மாமனாருக்கு அண்ணன், எனக்குப் பெரிய மாமா. பெண்டாட்டி சின்ன வயதிலேயே போய்விட்டாள், பிள்ளை குட்டி கிடையாது. எங்கள் வீட்டுக்கு அடுத்த சந்தில் தனியாகப் பொங்கித் தின்றுகொண்டு இருந்தார். மாடு கட்டிக் கிணற்றுத் தண்ணீர் இறைக்கிற கவலையை ஓட்டி, வடம் பிடித்துப் பிடித்துக் காய்த்துப்போன கை. மூங்கில் முறம் மாதிரி அகலமாக இருக்கும். ஆளைப் பார்க்கிறவர்கள் முதலில் அந்தக் கையைத்தான் பார்ப்பார்கள்.

“வாயி சொன்னது வாயோட போயிரும். கை செஞ்சதுதான் கட்ட வேகற மட்டும் கூட வரும்” என்பார். இதை ஆயிரம் தடவை கேட்டிருப்பேன்.

அந்தக் கிணறு அவருக்கும் என் மாமனாருக்கும் பொது. ஆளுக்கு மூன்று நாள் தண்ணீர் முறை. சேலத்தில் படித்த எங்கள் பங்காளிப் பையன் ஒருவன், நாளைக்குத் தகராறு வரக்கூடாது என்று பத்திரத்தாள் வாங்கி, யாருக்கு என்றைக்கு முறை என்று நீட்டி முழக்கி எழுதி, இரண்டு பேரிடமும் கையெழுத்துக்குக் கொண்டுவந்தான். என் மாமனார் உடனே போட்டுக் கொடுத்தார். பெரிய மாமாவுக்கும் கையெழுத்துப் போடத் தெரியும். ஆனால் தாளைத் தொடவில்லை.

“என்ற கையெழுத்து அந்தக் கம்பங்காட்டுல பச்சையா நிக்குது. போயிப் படிச்சுக்க, சாமி” என்றார்.

கடைசி வரைக்கும் அவர் முறை ஒரு நாழிகை தவறியதில்லை. கையெழுத்துப் போட்ட என் மாமனார்தான் பொழுது சாயும்வரை கவலையை நிறுத்தாமல் அடுத்தவர் முறையில் கை வைப்பார். அதற்கும் அவர் ஒன்றும் சொன்னதில்லை. கிணற்று மேட்டில் வந்து நிற்பார். நிற்பதைப் பார்த்து என் மாமனார் மாட்டை அவிழ்த்துவிடுவார்.

இப்படிப்பட்ட மனிதரை ஊர் எதற்குப் பயன்படுத்தியது என்று கேட்டால், கல்யாணத்துக்கு. எங்கள் பக்கத்தில் பெண் பார்க்கப் போகிறவர்கள் எடுத்த எடுப்பில் அந்த வீட்டில் சாப்பிட்டுவிடமாட்டார்கள். தண்ணீர்கூட யோசித்துத்தான் குடிப்பார்கள். பேசி முடித்த பிறகு இரண்டு பக்கத்திலிருந்தும் ஒவ்வொரு பெரியவர் எதிரெதிர் இலையில் உட்காருவார். மாப்பிள்ளை வீட்டுக்காரர் முதலில் சோற்றில் கை வைப்பார், அப்புறம் பெண் வீட்டுக்காரர் வைப்பார். அதற்குத்தான் கை நனைக்கிறது என்று பேர். உப்புச் சர்க்கரை மாற்றுவது, வெற்றிலை பாக்கு வைப்பது எல்லாம் பிற்பாடு ஊருக்காகச் செய்வது. கை நனைந்துவிட்டால் காரியம் முடிந்தது. அதற்குப் பிறகு மாட்டேன் என்கிற குடும்பத்தில் யாரும் பெண் எடுக்கவும் மாட்டார்கள், கொடுக்கவும் மாட்டார்கள்.

எங்கள் வகையறாவில் கை நனைக்க அவரைத்தான் கூட்டிப்போவார்கள். அவர் கை வைத்த இடம் எதுவும் கெட்டதில்லை என்று ஒரு பேர். இடம் பிடிக்கவில்லை என்றால் இலைக்கு முன்னால் உட்கார்ந்த பிறகுகூட, “இன்னிக்கு எனக்கு ஒருசந்திங்க” என்று எழுந்துவிடுவார். ஒருசந்தி என்றால் விரதம். யாருக்கும் அவமானம் இல்லாமல் பெண் வீட்டாரும் புரிந்துகொள்வார்கள். பிள்ளையாருக்கு, முருகனுக்கு, பெருமாளுக்கு என்று ஊருக்கெல்லாம் ஒவ்வொரு நாள் விரதம் என்றால் அவருக்கு மட்டும் புதன்கிழமையும் வரும், பொங்கலன்றும் வரும். என் மாமியார் சொல்லிச் சொல்லிச் சிரிப்பாள்.

ஒரு தடவை மாட்டுச் சந்தையில் ஒருத்தர் இவரை நிழலுக்குக் கூட்டிப்போய் இளநீர் வெட்டிக் கொடுத்திருக்கிறார். அந்த ஆளுக்கு மூன்று பெண்கள். குடித்து முடித்ததும், “நம்ம ஊட்டு எளநிதானுங்க. அப்புறம் மூத்தவள எப்பப் பாக்க வாறீங்க? கை நனைஞ்சு போச்சே” என்றாராம். இவர் கையில் ஒட்டியிருந்த ஈரத்தை வேட்டியில் துடைத்துக்கொண்டு, “மரம் குடுத்துது, குடிச்சேன். மரத்துக்குப் பொண்ணு இருந்தாச் சொல்லுங்க” என்று சொல்லிவிட்டு வந்திருக்கிறார். அந்தக் கதையைச் சொல்லும்போது மட்டும் அவர் முகத்தில் கொஞ்சம் சிரிப்பு வரும். என்னிடம் அவர் சிரித்த கதை அது ஒன்றுதான்.

என்னைப் பார்க்க வந்த அன்றைக்கும் கை நனைக்க வந்தவர் அவர்தான்.

நான் பிறந்தது பரமத்தி வேலூர்ப் பக்கம், ஆற்றங்கரையில். அப்பாவுக்கு ஒரு துண்டு வெற்றிலைக் கொடிக்காலும் அதை ஒட்டிக் கொஞ்சம் நெல் வயலும் இருந்தன. காவேரியில் அந்தப் பெரிய வெள்ளம் வந்ததே, அதில் கொடிக்கால் அகத்தியோடு சேர்ந்து போய்விட்டது. வயலில் முழங்கால் உயரம் மணல். மறுவருஷமும் ஒன்றும் தேறவில்லை. வீட்டில் மிஞ்சியது பரணில் ஏற்றி வைத்திருந்த ஒரு பானை விதைநெல்தான். வாயைச் சாணியால் மெழுகி மூடியது. வயலை மணலிலிருந்து மீட்டதும் விதைக்க வேண்டியது அது.

மாப்பிள்ளை வீட்டார் வருகிறார்கள் என்று சொல் வந்ததும் அம்மா அந்தப் பானையை இறக்கினாள். வருகிறவர்களுக்குக் களி கிண்டிப் போட முடியுமா? அப்பா பார்த்தார். எழுந்து வாய்க்கால் பக்கம் போய்விட்டார். சாணி மூடியை உடைத்ததும் நான்தான், உரலில் போட்டுக் குத்தியதும் நான்தான். எனக்கு அப்போது பதினாறு வயது.

வந்தவர்கள் ஐந்து பேர். என் மாமனார் வீட்டைப் பார்த்தார், பிறகு தோட்டத்தைப் பார்க்கப் போனார். அதற்குள் இலை போட்டாயிற்று. பெரிய மாமா கை கால் கழுவப் புறக்கடைக்கு வந்தார். உரலுக்குப் பக்கத்தில் உமியும் உடைந்த சாணி மூடியும் கிடந்தன. அவசரத்தில் நான் அள்ளிக் கொட்டவில்லை. அவர் கொஞ்ச நேரம் அதையே பார்த்துக்கொண்டு நின்றதைக் கதவிடுக்கிலிருந்து பார்த்தேன். கையைக் கழுவிக்கொண்டு உள்ளே போய் இலையில் உட்கார்ந்தார். எதிரே என் அப்பா. அம்மா சோறு போட்டாள்.

தோட்டத்துக்குப் போன என் மாமனார் திரும்பி வந்து வாசற்படியில் நின்றார். தோளில் இருந்த துண்டை எடுத்து அடுத்த தோளில் போட்டுக்கொண்டார். அதற்கு என்ன அர்த்தம் என்று எனக்கு அப்போது தெரியாது. பிற்பாடு என் மாமியார் சொல்லித்தான் தெரியும். மணல் மூடின காட்டைப் பார்த்துவிட்டு, இந்த இடம் வேண்டாம் என்று அண்ணனுக்குக் கொடுத்த சாடை அது. இவர் எழுந்திருக்க வேண்டியது. ஒருசந்தி என்று ஒரு சொல், அவ்வளவு போதும்.

அவர் தம்பியைப் பார்த்தார். அம்மாவைப் பார்த்தார். இலையைப் பார்த்தார். பிறகு அந்தப் பெரிய கையைச் சோற்றில் வைத்துவிட்டார்.

அப்பாவும் வைத்தார். அம்மா அடுப்படிக்கு வந்து என் தலையைப் பிடித்துத் தன் வயிற்றோடு அணைத்துக்கொண்டாள். அவ்வளவுதான், என் கல்யாணம் முடிந்துவிட்டது. என் மாமனார் முகம் செத்துப்போயிருந்ததை யாரும் கவனிக்கவில்லை.

என் வீட்டுக்காரருக்குத் தன் தாய்மாமன் மகள்மேல் ஆசை. அது அந்த ஊரில் ஆடு மாட்டுக்குக்கூடத் தெரிந்திருக்கும். பெரிய மாமாவிடம் யாரும் சொல்லவில்லை. என் வீட்டுக்காரரையும் யாரும் கேட்கவில்லை. பாவம், அதை இப்போது சொல்ல முடிகிறது. அப்போது எனக்கு அந்த நியாயமெல்லாம் தெரியவில்லை.

கல்யாணமாகி நான் முதல்முதலாகச் சோறு போட்ட அன்றைக்கு வட்டிலைத் தள்ளி வைத்தார். “எங்க அம்மாவப் போடச் சொல்லு” என்றார். ஏதோ புதுசில் கூச்சம் என்று நினைத்தேன். மறுநாளும் அதையே சொன்னார். அடுத்த நாளும். “பெரியப்பன் கை நனைச்சாரு. அவருக்கே போயிப் போடு” என்றார். அத்தோடு எனக்கு விளங்கிவிட்டது. சமைப்பேன், குழம்பைக் கரண்டியில் எடுத்துக்கொண்டு நிற்பேன், என் மாமியார் வந்து வாங்கிக்கொண்டுபோய்ப் பரிமாறுவாள். என் கையால் சோறுதான் ஆகாது. தண்ணீர் சுமக்க, சாணி அள்ள, களை வெட்ட, பிள்ளை பெற எல்லாவற்றுக்கும் நான் ஆவேன். மூன்று பெற்றேன், ஒன்று தங்கியது. மாமியார் செத்த பிறகு ஒன்பது வயதான என் மகள் அவருக்குச் சோறு போட்டாள்.

ஊர் என்ன சொல்லும்? ஒரே வீட்டில் இருக்கிறார்கள், பிள்ளை பிறக்கிறது, நல்லாத்தான் இருக்கிறார்கள் என்றுதான் சொல்லும். சொன்னது. வேலூரிலிருந்து ஒருமுறை அம்மா வந்தபோதுகூட நான் ஒன்றும் சொல்லவில்லை. விதைநெல்லைக் குத்திப் போட்டுக் கட்டிக்கொடுத்தவளிடம் என்னத்தைச் சொல்வது?

பெரிய மாமாவுக்கு விஷயம் தெரிய நாலு வருஷம் ஆயிற்று. ஒருநாள் மத்தியானம் ஏதோ வேலையாக எங்கள் வீட்டுக்கு வந்தார். என் வீட்டுக்காரர் சாப்பிட உட்கார்ந்திருந்தார். நான் சோற்றுப் பானை அருகில் நிற்க, என் மாமியார் பரிமாறிக்கொண்டிருந்தாள். அவர் இரண்டு பேரையும் மாறி மாறிப் பார்த்தார்.

“ஏன், அம்மிணிக்கு ஒடம்பு செரியில்லையா?” என்று மாமியாரிடம் கேட்டார்.

“அவ ஒடம்புக்கு என்ன? கல்லாட்டம் இருக்கறா. அவ கையில அவன் தின்னமாட்டான். அதுக்கு நாங்க என்ன பண்ணுவோம்? உங்க தம்பி துண்ட மாத்திப் போட்டும் நீங்க பாட்டுக்குக் கைய வெச்சுப்போட்டீங்க.”

அவர் வந்த வேலையைச் சொல்லாமலே திரும்பிப் போய்விட்டார்.

அதற்குப் பிறகு எந்த வீட்டுக்கும் அவர் கை நனைக்கப் போகவில்லை. யார் வந்து கூப்பிட்டாலும் ஒருசந்திதான். என்ன இது, வருஷம் முழுக்கவா விரதம் என்று ஆட்கள் கோபித்துக்கொண்டார்கள். எங்கள் வீட்டுக்கு மட்டும் அடிக்கடி வருவார். மடியில் அவரைக்காயோ நாலு கத்தரிக்காயோ கட்டிக்கொண்டு வந்து வாசலில் வைப்பார்.

“நல்லா இருக்கறயா, அம்மிணி?”

“இருக்கறனுங்க மாமா.”

சொம்பில் தண்ணீர் கொண்டுவந்து வைப்பேன். தொடமாட்டார். வைகாசி வெயிலில் நாக்கு வறண்டு வந்திருப்பார், சொம்பைப் பார்ப்பார், எழுந்து போய்விடுவார். எனக்குப் பற்றிக்கொண்டு வரும். கட்டினவர் ஒரு பக்கம் வட்டிலைத் தள்ளுகிறார், கட்டிவைத்தவர் இன்னொரு பக்கம் சொம்பைத் தள்ளுகிறார். ஒருநாள் பொறுக்கமாட்டாமல் கேட்டுவிட்டேன்.

“ஏனுங்க மாமா, என்ற கையில என்ன நஞ்சா இருக்குது?”

அவர் தரையைப் பார்த்துக்கொண்டே சொன்னார்.

“உங்கம்மா வெதநெல்லக் குத்திப் போட்டிருந்தா. அந்தச் சோத்த உட்டுப்போட்டு எந்திரிக்க எனக்குத் தெம்பு வல்லே. அன்னிக்கு நான் உங்கம்மா மொகத்தப் பாத்தேன், அம்மிணி. உன்ற மொகத்தப் பாக்கிலே.”

இவ்வளவு நீளமாக அவர் பேசியது அதுதான் முதல் தடவை. எனக்கு அழுகை வரவில்லை, கோபம்தான் வந்தது. இரக்கப்பட்டவர் இவர். இரக்கம் போனது என் அம்மாவுக்கு. அனுபவிக்கிறவள் நான். இதில் இவர் என் கையால் தண்ணீர் குடிக்காமல் போனால் எல்லாம் சரியாகிவிடுமா? சொம்பை எடுத்துக்கொண்டு உள்ளே போய்விட்டேன். அவர் மறுபடியும் வந்தார், அவரைக்காயோடு.

உலகச் சண்டைக் காலம் வந்தது. அரிசிக்கும் மண்ணெண்ணெய்க்கும் எல்லாரும் அலைந்துகொண்டிருந்த அந்த வருஷத்தில் என் மகளுக்குப் பதினைந்து முடிந்தது. ராசிபுரம் பக்கம் பெரிய தோட்டக்காரர்கள் கேட்டு வந்தார்கள். மாப்பிள்ளைக்கு முப்பத்தைந்து வயது. முதல் பெண்டாட்டி பிரசவத்தில் போய்விட்டாள், இரண்டு பிள்ளைகள் இருந்தன. எனக்கு மனசு ஒப்பவில்லை. ஆனால் அந்த வீட்டில் என் மனசை யார் கேட்டார்கள்? என் வீட்டுக்காரர் இதை விடக்கூடாது என்று ஒரே பிடியாக நின்றார். வருகிறவர்கள் ஒன்றே ஒன்று கேட்டார்கள். பெண் வீட்டுப் பக்கம் பெரிய மாமாதான் கை நனைக்க வேண்டும். அவர் கை ராசி அவ்வளவு தூரம் போயிருந்தது.

என் வீட்டுக்காரர் பெரியப்பன் வீட்டுக்குப் போனார். கல்யாணத்திலிருந்து அவரோடு பேசாமல் இருந்தவர், பதினேழு வருஷத்துக்குப் பிறகு போனார். “வெள்ளிக்கிழமை வாராங்க. நீங்க வந்து உக்காரோணும்” என்றாராம். அவர் ஒன்றும் சொல்லவில்லை. ஒருசந்தி என்றும் சொல்லவில்லை. வெள்ளிக்கிழமை காலையில் குளித்து, திருநீறு பூசி, வெள்ளை வேட்டி கட்டிக்கொண்டு வந்து நின்றார். அவர் வந்து நின்றாலே சம்மதம் என்று ஊருக்குத் தெரியும். எனக்கும் தெரியும். அடுப்படியில் நின்றுகொண்டு, இந்த மனுஷன் என் மகளையும் தின்னப்போகிறார் என்று நினைத்துக்கொண்டேன்.

இலை போட்டாயிற்று. எதிரெதிரே இரண்டு பெரியவர்களும் உட்கார்ந்தார்கள். மாப்பிள்ளை வீட்டுப் பெரியவர், மாப்பிள்ளைக்குச் சித்தப்பன் முறை, தண்ணீர் தெளித்துச் சோற்றில் கை வைத்துப் பருப்பு விட்டுப் பிசையத் தொடங்கிவிட்டார். இவர் கை மடியில் கிடந்தது.

“ஆகட்டுமுங்க” என்றார் அந்தப் பெரியவர்.

“புள்ளைய வரச் சொல்லுங்க” என்றார் இவர்.

யாருக்கும் புரியவில்லை. மகள் அடுப்படியிலிருந்து வந்து தூண் ஓரமாக நின்றாள். அவர் தலையை நிமிர்த்தி அவள் முகத்தைப் பார்த்தார்.

“சாமி, நான் இந்தச் சோத்துல கை வெக்கட்டுமா?”

அவள் தலையைக் குனிந்துகொண்டாள். மாப்பிள்ளை வீட்டுப் பெரியவர் சிரித்தார். “பொண்ணுப்புள்ள பேசாம இருந்தாச் சம்மதந்தானுங்க. வேற எப்படிச் சொல்லும்? வைங்க, வைங்க.”

“அப்படித்தானுங்க நானும் நெனச்சிட்டு இருந்தேன்” என்றார் இவர். “இன்னிக்கு அது வாயத் தொறந்து சொல்லட்டும். நான் இருக்கறேன்.”

உட்கார்ந்துகொண்டே இருந்தார். எதிரில் இருந்தவர் பிசைந்த சோற்றில் விரலை வைத்தபடி, தின்னவும் முடியாமல் எடுக்கவும் முடியாமல் இருந்தார். சோறு ஆறிப்போயிற்று. ஈ வந்து உட்கார்ந்தது. என் வீட்டுக்காரர் பல்லைக் கடித்துக்கொண்டு, “பெரியப்பா, ஊட்டுக்கு வந்தவங்கள அவமானப்படுத்தறீங்க” என்றார். அவர் திரும்பிக்கூடப் பார்க்கவில்லை. மகளையே பார்த்துக்கொண்டிருந்தார், அதட்டலாக இல்லை, அவசரப்படுத்தவும் இல்லை. மாடு தண்ணீர் குடித்து முடிக்கட்டும் என்று பக்கத்தில் நிற்கிற ஆள் மாதிரி இருந்தார்.

மகள் அப்பனைப் பார்த்தாள். என்னைப் பார்த்தாள். ஆறு வருஷமாக எனக்குப் பதில் அப்பனுக்குச் சோறு போட்டவள் அவள். அவளுக்குத் தெரியாதது ஒன்றும் இல்லை.

“வேண்டாங்க, அப்பாரு” என்று தன் பாட்டனைப் பார்த்துச் சொன்னாள்.

அவர் இலையை மூடினார். எழுந்து எதிரில் இருந்தவரைப் பார்த்துக் கும்பிட்டார். “தப்பா நெனைக்காதீங்க. கை நனையிலீங்க” என்றார். சுவரைப் பிடித்துக்கொண்டு படியிறங்கிப் போனார்.

அன்றைக்கு வீட்டில் நடந்ததை விவரிக்க வேண்டியதில்லை. எனக்கும் விழுந்தது, மகளுக்கும் விழுந்தது. ஆனால் ராசிபுரத்துக்காரர்கள் போனவர்கள் போனவர்கள்தான். மூன்று வருஷம் கழித்து மகளுக்கு வேறு இடம் வந்தது. அவளாகவே எனக்குப் பிடித்திருக்கிறது என்று சொல்லிக் கட்டிக்கொண்டாள். நன்றாக இருக்கிறாள்.

நான் சொல்ல வந்தது அந்த வெள்ளிக்கிழமை சாயங்காலத்தை. அடி வாங்கின கன்னத்தோடு, மிச்சமிருந்த சோற்றைப் போசியில் எடுத்துக்கொண்டு அவர் வீட்டுக்குப் போனேன். காலையிலிருந்து அவர் பட்டினி என்று எனக்குத் தெரியும். என் மகளைக் காப்பாற்றிக் கொடுத்தவர். போசியை அவர் முன்னால் வைத்தேன்.

“சாப்பிடுங்க” என்று சொல்ல வந்தேன். அதற்குள் அவர் கேட்டார்.

“அன்னிக்கு உன்னையக் கேட்டிருந்தா என்னன்னு சொல்லியிருப்பே, அம்மிணி?”

எனக்குப் பதில் தெரியும். வேலூரில் கதவிடுக்கில் நின்றுகொண்டு, இந்த மனுஷன் கை சோற்றில் படவேண்டும், பட்டுவிட வேண்டும் என்று குலதெய்வத்தை வேண்டிக்கொண்டிருந்தவள் நான். அவர் எழுந்து போய்விட்டால் என் அப்பாவுக்கு விதையும் இல்லை, மருமகனும் இல்லை. என்னைக் கேட்டிருந்தால் சாப்பிடுங்கள் என்றுதான் சொல்லியிருப்பேன். அவர் கை என் வேண்டுதலுக்கு எதிராக ஒன்றும் செய்யவில்லை.

அதைச் சொல்லியிருந்தால் அவர் அத்தனை வருஷம் சுமந்ததைக் கீழே வைத்திருப்பார். ஒரே ஒரு வார்த்தை. தெரிந்துதான் நான் சொல்லவில்லை. மாமியார், வீட்டுக்காரர் என்று எல்லாரும் அவரவர் கோபத்தை என் தலையில் இறக்கினார்கள். எனக்கு இறக்கி வைக்க அவர் ஒருவர்தான் அகப்பட்டார். அவரும் நல்லவராக இருந்தார், தாங்கிக்கொண்டார். அதை விட்டுக்கொடுக்க எனக்கு மனசு வரவில்லை.

அவர் என் மகளுக்குக் காத்திருந்த மாதிரியே எனக்கும் காத்திருந்தார். கை மடியில் கிடந்தது. நான் முந்தானையை இழுத்துப் போர்த்திக்கொண்டு எழுந்து வந்துவிட்டேன்.

மறுநாள் காலையில் அந்தப் போசி கழுவித் துடைத்து எங்கள் புறக்கடைக் கல்லின் மேல் கவிழ்த்து வைத்திருந்தது. சாப்பிட்டாரா, நாய்க்குப் போட்டாரா? கவிழ்த்த பாத்திரத்தைப் பார்த்து என்ன தெரிந்துகொள்ள முடியும்? கேட்கலாம் என்று நினைத்தேன், கேட்கவில்லை. அவரும் அந்தக் கேள்வியை மறுபடி கேட்கவில்லை. அதற்குப் பிறகும் ஐந்து மாதம் வந்துகொண்டுதான் இருந்தார். ‘நல்லா இருக்கறயா, அம்மிணி’ என்றார், ‘இருக்கறனுங்க’ என்றேன். நாளைக்குச் சொல்லிக்கொள்ளலாம், நாளைக்குச் சொல்லிக்கொள்ளலாம் என்றே ஐந்து மாதம் போயிற்று.

ஐப்பசி அடைமழையில் இரண்டு நாள் காய்ச்சலில் அவர் போய்விட்டார். மழை விட்ட நேரம் பார்த்து வாசலில் எடுத்து வைத்திருந்தார்கள். பெண்கள் வரிசையாக வந்து வாய்க்கரிசி போட்டார்கள். என் முறை வந்தது. அரிசியை அள்ளிக் குனிந்து அவர் வாயில் போட்டு, “சாப்பிடுங்க மாமா” என்றேன். மெதுவாகச் சொல்லவில்லை, அவருக்குக் கேட்கும்படி சத்தமாகவே சொன்னேன். துக்கத்தில் என்னவோ பேசுகிறாள் என்று பக்கத்தில் நின்றவர்கள் என் தோளைப் பிடித்து நகர்த்தி, அடுத்தவளுக்கு வழி விட்டார்கள்.